வரி மாறிய முப்பது நாட்கள்

2022 ஜூலை 18, திங்கட்கிழமை. எந்தப் பணியிடத்திலும் அன்று காலை ஒன்றும் மாறியதாகத் தெரிந்திருக்காது. கலவை ஓடியது, கம்பி வளைத்தார்கள், ஜல்லி லோடு வந்து இறங்கியது. மாறியது காகிதத்தில்தான். அரசுக்காகக் கட்டும் பள்ளிக்கூடம், சாலை, பாலம், கால்வாய், குடிநீர்க் குழாய் போன்ற பணிகளுக்கு அதுவரை 12 சதவீதமாக இருந்த ஜிஎஸ்டி அன்று முதல் 18 ஆனது. மண்வேலையே முக்கால் பங்குக்கு மேல் இருக்கும் பணிகளுக்கு 5 சதவீதம் 12 ஆனது. அந்த 12-ம் 2025 செப்டம்பர் 22 முதல் 18 ஆகிவிட்டது.

ஆறு மாதம் முன்பு 12 சதவீதம் என்று கணக்குப் போட்டு டெண்டர் எடுத்தவர் வேலையின் நடுவில் நிற்கிறார். கூடுதல் 6 சதவீதத்தை யார் கொடுப்பது? சிறிய காண்டிராக்டருக்குப் பல வேலைகளில் மொத்த லாபமே அவ்வளவுதான்.

நான் அப்போது ஒரு சிறிய நிறுவனத்தில் பில் போடும் பொறியாளன். ஓர் உள்ளாட்சி அமைப்புக்கு மேல்நிலை நீர்த்தேக்கத் தொட்டி கட்டிக்கொண்டிருந்தோம். ஏழு மாதம் 18 சதவீதம் கட்டினோம், 12 சதவீதம் வாங்கினோம். வித்தியாசத்தைக் கேட்டு முதல் கடிதம் கொடுத்ததே இறுதிப் பட்டியலோடுதான். செயற்பொறியாளர் நல்ல மனிதர். கடிதத்தைப் படித்துவிட்டு, “அப்பவே ஒரு லெட்டர் கொடுத்திருந்தா நான் ஃபைல் போட்டிருப்பேனே தம்பி. இப்ப எதை வச்சுப் போடுறது?” என்றார். அவர் கோப்பில் எங்கள் காகிதம் ஒன்றுகூட இல்லை. அந்தப் பணம் கடைசிவரை வரவில்லை. பில்லிங் பொறியாளராகவோ, கணக்காளராகவோ, சொந்தமாக டெண்டர் எடுப்பவராகவோ இந்தத் தொழிலுக்கு வருகிறவர் யாரும் அப்படி ஒரு மேசை முன்னால் நிற்கக் கூடாது என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

கட்டுபவர் வேறு, சுமப்பவர் வேறு

அரசு போட்ட வரி, அரசு வேலை, ஆகவே அரசே கொடுத்துவிடும் என்று நினைப்பது இயல்பு. சட்டம் அப்படிப் பார்ப்பதில்லை. வரியை யார் செலுத்த வேண்டும் என்பதை ஜிஎஸ்டி சட்டம் சொல்கிறது. அந்தச் சுமை கடைசியில் யார் தலையில் இறங்கும் என்பதை உங்கள் ஒப்பந்தம் சொல்கிறது. வரித்துறையும் பணித்துறையும் ஒரே அரசின் இரண்டு கைகள்தான், ஆனாலும் ஒன்று வாங்கியதை மற்றொன்று தானாகத் திருப்பித் தராது.

2012-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ராஷ்ட்ரிய இஸ்பாத் நிகம் வழக்கை இந்தத் தொழிலில் இருப்பவர்கள் மறக்கக் கூடாது. அந்தப் பொதுத்துறை நிறுவனத்தின் இரும்பு, எஃகுச் சரக்குகளைக் கையாளும் ஒப்பந்தம் அது. சட்டப்படி சேவை வரி செலுத்தும் பொறுப்பு நிறுவனத்தினுடையது. ஆனால் எல்லா வரிகளையும் ஒப்பந்ததாரரே ஏற்க வேண்டும் என்று ஒப்பந்தத்தில் ஒரு பிரிவு இருந்தது. நிறுவனம் பில்லிலிருந்து வரியைப் பிடித்துக்கொண்டது. மறைமுக வரியின் சுமையை ஒப்பந்தத்தின் மூலம் அடுத்தவருக்கு மாற்றுவதைச் சட்டம் தடுக்கவில்லை என்று சொல்லி, நிறுவனத்துக்குச் சாதகமான நடுவர் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. ஒரே ஒரு பிரிவு முழு வரிச் சுமையையும் இடம் மாற்றிவிட்டது.

ஆகவே டெண்டர் ஆவணத்தில் முதலில் படிக்க வேண்டியது விலை அட்டவணையை அல்ல, வரிப் பிரிவை. உதாரணத்துக்கு மத்திய பொதுப்பணித்துறையின் பொது நிபந்தனைகளில் 38-ஆம் பிரிவை எடுத்துக்கொள்ளுங்கள். மற்றத் துறைகளின் ஒப்பந்தங்களிலும் இதன் சாயலை அடிக்கடி பார்க்கலாம். ஒப்பந்தப்புள்ளி பெறும் கடைசி நாளில் நடைமுறையில் இருக்கும் வரிகள் அனைத்தும் நீங்கள் கேட்ட விலைக்குள் அடக்கம் என்கிறது அது. அந்த நாளுக்குப் பிறகு முடிக்கப்பட்ட பணியின் மீதான ஜிஎஸ்டி கூடினாலும் குறைந்தாலும் இரு பக்கமும் சரிசெய்யப்படும். சிமெண்ட், கம்பி போன்ற உள்ளீடுகளின் வரி மாறினால் எந்தச் சரிக்கட்டலும் கிடையாது. வரி மாறிய 30 நாட்களுக்குள், இந்தப் பிரிவின் கீழ்தான் தருகிறேன் என்று குறிப்பிட்டு, பொறுப்புப் பொறியாளருக்கு எழுத்து அறிவிப்புத் தர வேண்டும். கணக்குப் புத்தகங்களையும் ஆவணங்களையும் வைத்திருந்து, கேட்டால் காட்டவும் வேண்டும்.

கடைசி நாள் என்ற சொல்லைக் கவனியுங்கள். டெண்டரின் கடைசித் தேதியை நீட்டித்திருந்தால் நீட்டித்த தேதிதான் கணக்கு. இடையில் வரி மாறியிருந்தால், பழைய வரிக்கு விலை எழுதியது உங்கள் தவறாகவே கொள்ளப்படும்.

உள்ளீடு, முடித்த பணி என்ற பிரிவினையும் நேரடியாகப் பணத்தைத் தொடுவது. தமிழ்நாட்டில் 2025 ஏப்ரலில் கனிமம் உள்ள நிலங்களுக்கு மாநில அரசின் புதிய வரி நடைமுறைக்கு வந்தது. கல்குவாரி அதைக் கட்டிவிட்டு ஜல்லி விலையில் ஏற்றும். 38-ஆம் பிரிவு போன்ற வாசகம் உள்ள ஒப்பந்தத்தில் அது உள்ளீட்டின் மீதான வரி, எனவே கேட்க வழியில்லை. அதே கணக்கில், 2025 செப்டம்பரில் சிமெண்டின் ஜிஎஸ்டி 28-லிருந்து 18 ஆனதைச் சொல்லித் துறை உங்கள் பில்லில் கைவைக்க வந்தால், அந்தப் பிரிவையே எடுத்துக் காட்டுங்கள். அது இரு தரப்புக்கும் பொது.

விலை ஏற்ற இறக்கப் பிரிவு இருக்கிறதே, வரியும் அதற்குள் வந்துவிட்டது என்று ஒரு பதில் வரும். அந்தச் சூத்திரம் மொத்த விலைக் குறியீட்டெண்ணை வைத்து இயங்கினால் பதில் உங்களிடம் தயாராக இருக்கிறது: 2011-12-ஐ அடிப்படை ஆண்டாகக் கொண்ட மொத்த விலைக் குறியீட்டில் மறைமுக வரிகள் சேர்க்கப்படுவதில்லை. குறியீட்டில் இல்லாத வரி அந்தச் சூத்திரத்தின் வழியாக உங்களுக்குக் கிடைத்திருக்க முடியாது.

நீங்கள் சப்-காண்டிராக்டர் என்றால் துறையின் பிரிவு உங்களைத் தானாகக் காப்பாற்றாது. உங்கள் ஒப்பந்தம் முதன்மை ஒப்பந்ததாரரோடு. துறை தரும் வரி உயர்வு எனக்கும் வர வேண்டும் என்ற ஒரு வரியை வேலை தொடங்கும் முன்பே அதில் எழுதி வாங்குங்கள்.

கேட்க வேண்டிய தொகை எவ்வளவு?

கோரிக்கைகள் திரும்பி வருவதற்குப் பெரிய காரணம் கணக்குப் பிழை. வரி உட்பட 1 கோடி ரூபாய்க்கு ஒரு வேலை. வரி 12-லிருந்து 18 ஆகிறது. 6 சதவீதம் ஏறியது, ஆகவே 6 லட்சம் என்று பலர் எழுதுகிறார்கள். தணிக்கை இதை ஒரே கோட்டில் அடித்துவிடும்.

1 கோடியை 1.12-ஆல் வகுத்தால் பணியின் மதிப்பு 89,28,571 ரூபாய். அதற்கு 12 சதவீத வரி 10,71,429. அதே மதிப்புக்கு 18 சதவீதம் 16,07,143. வித்தியாசம் 5,35,714 ரூபாய். கேட்க வேண்டியது இதைத்தான். பணம் வராமல் போனால் நஷ்டம் எவ்வளவு என்பது வேறு கணக்கு: 1 கோடிக்குள்ளேயே 18 சதவீதத்தை அடக்கினால் பணியின் மதிப்பு 84,74,576 ஆகச் சுருங்கும். அதாவது 4,53,995 ரூபாய் உங்கள் கையிலிருந்து போகும். 6 லட்சம் என்று கேட்டவர் சரியான 5,35,714-க்கும் சேர்த்துச் சந்தேகத்தை வாங்கிக்கொள்கிறார். தணிக்கைக்குப் பிறகு பதில் சொல்ல வேண்டியவர் கையெழுத்திட்ட பொறியாளர், அதனால் ஒரு எண் தப்பாகப் பட்டாலே அவர் முழுக் கோப்பையும் தள்ளிவைத்துவிடுவார்.

எப்போதிலிருந்து கேட்பது என்பதில்தான் சண்டை அதிகம். ஜூலை 18-க்கு முன்பு செய்து, எம்-புக் என்னும் அளவுப் புத்தகத்தில் பதிந்த வேலை. பில் ஆகஸ்டில் பாஸாகிப் பணம் செப்டம்பரில் வருகிறது. முன்பே செய்த வேலை, ஆகவே 12 என்கிறார் பொறியாளர். ஜிஎஸ்டி சட்டத்தின் 14-ஆம் பிரிவு வேறு மாதிரிப் பார்க்கிறது. வேலை செய்த நாள், விலைப்பட்டியல் (இன்வாய்ஸ்) போட்ட நாள், பணம் வந்த நாள் ஆகிய மூன்றில் எந்த இரண்டு ஒரே பக்கம் விழுகிறதோ, அந்தப் பக்கத்து வரிதான் பொருந்தும். வேலை முன்பு நடந்து, விலைப்பட்டியலும் பணமும் பிறகு வந்தால் 18. வேலையும் விலைப்பட்டியலும் முன்பே முடிந்து பணம் மட்டும் பிறகு வந்தால் 12.

எனவே வரி உயரப்போகிறது என்ற செய்தி வந்ததுமே, அளவெடுத்து முடித்த வேலைக்கு உயர்வு நாளுக்கு முன்னால் விலைப்பட்டியல் போட்டுவிடலாமா என்று கணக்குப் பார்க்க வேண்டும். இதில் ஒரு கண்டமும் உண்டு. விலைப்பட்டியல் போட்டதும் வரி கட்டும் கடமை வந்துவிடும். துறையிலிருந்து பணம் வர நான்கு மாதம் ஆனால் கைக்காசைப் போட்டுத்தான் கட்ட வேண்டும், தவறினால் ஆண்டுக்கு 18 சதவீத வட்டி. துறை எத்தனை நாளில் பணம் தரும், உங்கள் கையில் எவ்வளவு இருக்கிறது என்பதைப் பார்த்து முடிவெடுங்கள். ஆடிட்டரைக் கேட்காமல் இதைச் செய்ய வேண்டாம்.

தாமதம் யாருடையது?

38-ஆம் பிரிவில் இன்னொரு நிபந்தனையும் இருக்கிறது. அது கடிக்கும்போதுதான் பலருக்குக் கண்ணில் படுகிறது. ஒப்பந்தக் காலம் முடிந்து, ஒப்பந்ததாரரின் தாமதத்தால் மட்டுமே நீட்டித்த காலத்தில் வரி ஏறினால், அந்த ஏற்றத்துக்குப் பணம் கிடையாது.

2022 மார்ச்சில் முடிய வேண்டிய வேலை டிசம்பர் வரை போனது என்று வையுங்கள். நிலத்தை ஒப்படைக்க இரண்டு மாதம், மின்கம்பத்தை அகற்ற ஒன்றரை மாதம், வரைபடம் மாறி வர ஒரு மாதம், மழை. எதுவும் காண்டிராக்டரின் தவறு இல்லை. ஆனால் கால நீட்டிப்புக் கேட்டு எழுதும்போது, துறை மேல் குறை சொல்வானேன், பில் நின்றுவிடுமே என்ற பயத்தில் ‘எங்கள் சொந்தக் காரணங்களால்’ என்று ஒரு வாக்கியம் எழுதிக் கொடுத்துவிடுகிறார்கள். சில அலுவலகங்களில் அப்படி எழுதச் சொல்லியே கேட்பார்கள். நீட்டிப்புச் சுலபமாகக் கிடைத்துவிடும். ஜூலை 18-க்குப் பிறகு செய்த அத்தனை வேலைக்குமான வரி வித்தியாசம் அந்த வாக்கியத்தோடு போய்விடும். அதை எழுதியவருக்குத் தான் எவ்வளவு பெரிய தொகையை விட்டுக்கொடுத்தோம் என்பதே தெரியாது.

தடைப் பதிவேட்டை ஒரு வரி ஆவணமாகவே நினைத்து எழுதுங்கள். எந்தத் தடை, என்று தொடங்கியது, என்று நீங்கியது, எத்தனை நாள், இவற்றைத் தேதியோடு பதிந்து, அந்தந்த வாரமே உதவிப் பொறியாளரின் கையெழுத்தை வாங்கிவிடுங்கள். ஆறு மாதம் கழித்துக் கேட்டால் அவர் மாற்றலாகிப் போயிருப்பார். கால நீட்டிப்பு விண்ணப்பத்தில் யார்மீதும் பழி போட வேண்டியதில்லை. பதிவேட்டில் உள்ள தேதிகளை அப்படியே எடுத்து எழுதினால் போதும்.

அந்தக் கடிதம்

30 நாட்களுக்குள் தர வேண்டிய அறிவிப்பு நீளமாக இருக்க வேண்டாம். ஒரு பக்கத்துக்குள் இப்படி எழுதலாம்:

“மேற்படி பணிக்கான ஒப்பந்தப்புள்ளி பெறப்பட்ட கடைசி நாளான (தேதி) அன்று பணி ஒப்பந்தத்துக்கான ஜிஎஸ்டி 12 சதவீதமாக இருந்தது. மத்திய வரி (விகிதம்) அறிவிக்கை எண் 03/2022, நாள் 13.07.2022-இன்படி 18.07.2022 முதல் அது 18 சதவீதமாக உயர்ந்துள்ளது. ஒப்பந்தத்தின் (எண்)-ஆம் பிரிவின் கீழ் இந்த அறிவிப்பைத் தருகிறோம். 17.07.2022 வரை செய்து முடித்து அளவெடுத்த பணியின் மதிப்பு (தொகை). எஞ்சிய பணியின் மதிப்பு (தொகை). இனிவரும் பட்டியல்களில் வரி வித்தியாசத்தைத் தனி இனமாகக் காட்டிக் கோருவோம். அறிவிக்கையின் நகல் இணைக்கப்பட்டுள்ளது.”

நேரில் கொடுத்தால் நகலில் அலுவலக முத்திரையும் தேதியும் வாங்குங்கள். இல்லையென்றால் பட்டுவாடாச் சான்று கிடைக்கும்படி விரைவுத் தபால். மின்னஞ்சலும் அனுப்புங்கள், ஆனால் அது மட்டும் போதும் என்று இருந்துவிட வேண்டாம். 30 நாள் தாண்டிவிட்டதா? அப்போதும் இன்றே எழுதுங்கள். தாமதமான கடிதத்துக்காக வாதாட இடமுண்டு, எழுதாத கடிதத்துக்கு ஒருவரும் வாதாட முடியாது.

பிறகு ஒவ்வொரு பகுதிப் பட்டியலிலும் வித்தியாசத்தைக் காட்டுங்கள். துறை அடித்தாலும் காட்டுங்கள். கட்டியதற்கு ஆதாரமாக ஜிஎஸ்டிஆர்-3பி நகலை மட்டும் இணைப்பது பயன்தராது. அதில் உங்கள் எல்லா வேலைகளின் வரியும் மொத்தமாக இருக்கும், இந்த ஒரு வேலைக்கு எவ்வளவு என்று பொறியாளரால் பிரித்துப் பார்க்க முடியாது. விலைப்பட்டியல் எண், தேதி, பணி மதிப்பு, 12-இல் வரி, 18-இல் வரி, அந்த விலைப்பட்டியல் எந்த மாத ஜிஎஸ்டிஆர்-1-இல் வந்தது, எந்த மாதம் வரி கட்டப்பட்டது என்று ஒரே அட்டவணை போட்டு, ஆடிட்டரின் சான்றோடு கொடுங்கள். நான் வேலை பார்த்த இடங்களில் இது ஆடிட்டர் வேலை என்று பில்லிங் ஆளும், இது ஒப்பந்த விஷயம் என்று ஆடிட்டரும் விட்டுவிட, நடுவில் பணம் தொலைந்ததைப் பார்த்திருக்கிறேன். அந்த அட்டவணையை யார் போடுவது என்பதை முதலாளி பெயர் சொல்லி ஒப்படைக்க வேண்டும். இதைப் போடத் தெரிந்த இளம் பொறியாளருக்கு நிறுவனத்தில் கிடைக்கும் மதிப்பே வேறு.

துறை பில்லில் பிடிக்கும் 2 சதவீத ஜிஎஸ்டி டிடிஎஸ்ஸை இதோடு குழப்ப வேண்டாம். 2018 அக்டோபர் முதல், இரண்டரை லட்சத்துக்கு மேற்பட்ட ஒப்பந்தங்களுக்கு, வரி நீங்கலான மதிப்பில் பிடிக்கிறார்கள். அது உங்கள் பணம்தான், மின்னணு ரொக்கப் பேரேட்டில் வந்து சேரும்.

2017-இன் பழைய பாக்கி

2017 ஜூலை 1-க்கு முன் எடுத்து, பின் முடித்த வேலைகளின் வழக்கு இன்னும் சில கோப்புகளில் உயிரோடு இருக்கிறது. ஜிஎஸ்டிக்கு முன் தமிழ்நாட்டில் கட்டுமானப் பணிக்கு 2 சதவீத இணக்க வரி கட்டிவிட்டுப் போக முடிந்தது. சாலை, கால்வாய் போன்ற அரசுப் பணிகளுக்குச் சேவை வரி விலக்கும் இருந்தது. அந்த வரியை அடக்கி விலை எழுதியவர்மேல் ஜிஎஸ்டி வந்து விழுந்தது.

இத்தகைய வழக்கு ஒன்றில் கர்நாடக உயர் நீதிமன்றம் 2023-இல் சொன்ன கணக்குமுறை எந்த மாநிலத்தில் கோரிக்கை எழுதுபவருக்கும் உதவும். ஜூலை 1-க்கு முன் செய்த வேலையைத் தனியே பிரி. அதற்குப் பணம் பின்னால் வந்திருந்தாலும் பழைய வரியே. பின் செய்த வேலையில் பொருட்களின் விலைக்குள் இருந்த பழைய வரியைக் கழி. அதன்மேல் பொருந்தும் ஜிஎஸ்டியைச் சேர். கிடைத்த தொகை ஒப்பந்த மதிப்பிலிருந்து மாறினால் கூடுதல் ஒப்பந்தம் போடு. பழைய வரியைக் கழிக்காமல் ஜிஎஸ்டி முழுவதையும் கேட்ட கோரிக்கைகள் அங்கேயே பலவீனமாகிவிடுகின்றன. நீங்களே கழித்துக் காட்டுங்கள், படிக்கும் அதிகாரிக்கு உங்கள் மீதிக் கணக்கிலும் நம்பிக்கை வரும்.

பதில் வராவிட்டால்

முதலில் ஒப்பந்தத்தில் சொன்ன படிகளில் ஏறுங்கள்: செயற்பொறியாளர், கண்காணிப்புப் பொறியாளர், பிறகு அதில் குறிப்பிட்ட குழு அல்லது நடுவர். படிகளுக்கும் கெடு உண்டு. மத்திய அரசு, அதன் பொதுத்துறை நிறுவனங்களின் ஒப்பந்தங்களில், 10 கோடி ரூபாய்க்கு மேற்பட்ட தகராறுகளை வழக்கமாக நடுவரிடம் அனுப்ப வேண்டாம், சமரசத்தை நாடலாம் என்று நிதியமைச்சகம் 2024 ஜூன் 3 அன்று வழிகாட்டுதல் தந்தது. புதிய டெண்டர்களில் நடுவர் பிரிவே இல்லாமல் இருக்கலாம். அப்படியானால் உரிமையியல் நீதிமன்றம்தான். பொதுவான கெடு மூன்று ஆண்டுகள். துறை பரிசீலிக்கிறது என்பதற்காக அது நிற்காது.

நேரே ரிட் போடுகிறேன் என்று சிலர் கிளம்புகிறார்கள். கல்கத்தா உயர் நீதிமன்றத்தில் இந்த வரி வித்தியாசத்துக்காக வந்த ஏராளமான மனுக்கள், நிதித்துறையிடம் முறையீடு கொடுங்கள், அவர்கள் முடிவெடுக்கட்டும் என்ற உத்தரவோடு முடிந்தன. முறையீட்டோடு வைக்க வேண்டியது என்ன? முப்பது நாளுக்குள் கொடுத்த அந்தக் கடிதமும் அந்த அட்டவணையும்தான்.

இறுதிப் பட்டியலில் கையெழுத்துப் போடும் நாள் வரும். இனி எந்தக் கோரிக்கையும் இல்லை என்ற அச்சிட்ட வாசகம் அதில் இருக்கும். பணம் வர வேண்டும், வைப்புத்தொகை திரும்ப வேண்டும், வங்கியில் வட்டி ஓடுகிறது, கை தானாகக் கையெழுத்துப் போட்டுவிடும். கட்டாயத்தில் போட்ட கையெழுத்து என்று பின்னால் வாதிடலாம், ஆனால் அதை நிரூபிக்கும் பாரம் உங்களுடையது. பேனாவை எடுத்ததும், கையெழுத்துக்கு மேலே, “ஜிஎஸ்டி வித்தியாசக் கோரிக்கை (கடிதத் தேதி) நிலுவையில் உள்ளது, அதற்கு உட்பட்டு” என்று எழுதுங்கள். எழுத விடவில்லை என்றால், அன்று மாலைக்குள் அதையே கடிதமாக எழுதித் தபாலில் சேருங்கள். அந்தப் பக்கத்தைக் கைபேசியில் படம் எடுத்துக்கொண்ட பிறகே மேசையைவிட்டு எழுந்திருங்கள்.